‘மற்றும்’ என்பதற்கு அந்தப் பக்கம்

பிப்ரவரி 3

சங்க அலுவலகத்துக் கதவின் கைப்பிடி மறுபடியும் கையோடு வந்துவிட்டது. நகரத்தில் இருக்கிற கட்டட வடிவமைப்பாளர்கள், பொறியாளர்கள், காண்ட்ராக்டர்கள் அத்தனை பேரும் உறுப்பினர்களாக இருக்கிற இடம். ஒரு கைப்பிடியை ஒழுங்காகப் பொருத்த ஆளில்லை. செயலாளர் என்ற முறையில் நானே திருப்புளியை எடுத்து முறுக்கினேன். கோணலாக நிற்கிறது. நாள் முழுக்க அதைப் பார்த்துப் பார்த்து எரிச்சல்.

மாதக் கடைசியில் பொதுக்குழு. இந்த முறை தலைவர் பதவி காண்ட்ராக்டர்களுக்கு என்று செயற்குழுவில் பேசி முடித்தாகிவிட்டது. அது என் மச்சானுக்கு என்பதும் எல்லோருக்கும் தெரியும். மனைவியின் அண்ணன், அதற்கும் முன்னால் என் சிநேகிதன். நான் வரைந்த முதல் வீட்டைக் கட்டியவன் அவன்தான். அந்த வீட்டு வேலை நடக்கும்போதுதான் அவன் தங்கையைப் பார்த்தேன். ‘படத்தையும் சரியா போடல, பார்வையையும் சரியா வைக்கல’ என்று இன்றைக்கும் சொல்லிக் காட்டுவான்.

ஆரம்பத்தில் எங்களுடையது வடிவமைப்பாளர் சங்கம் மட்டும்தான். காண்ட்ராக்டர்களைச் சேர்த்த பிறகு ‘வடிவமைப்பு மற்றும் கட்டுமானத் தொழிலோர் சங்கம்’ ஆனது. மச்சான் அன்றிலிருந்து பிடித்துக்கொண்டான். “நாங்க ‘மற்றும்’க்கு அந்தப் பக்கம், மாப்ளே.” கூட்டங்களிலும் அவர்கள் பின்வரிசைகளில்தான் உட்காருவார்கள். யாரும் அப்படி உட்காரச் சொன்னதில்லை. முன்னால் வரச் சொன்னதும் இல்லை.

பிப்ரவரி 8

மச்சான் ஒத்திகைக்கு வந்தான்! வந்து நின்றதும் தங்கையிடம் சட்டையைக் காட்டினான். புதுசு, வெள்ளை. அவள் சட்டையைப் பார்க்கவில்லை, இடுப்பைப் பார்த்தாள். பெல்ட்டில் அளவு டேப் தொங்கியது. அன்றைக்காவது அதைக் கழற்றி வைத்துவிட்டுப் போ என்றாள்.

ஒத்திகை எதற்கென்றால், எங்கள் சங்கத்தில் தேர்தல் என்று ஒன்று நடந்ததே கிடையாது. ஒருவர் பெயரை ஒருவர் முன்மொழிவார். பெயர் சொல்லப்பட்டவர் எழுந்து, எனக்கு வேண்டாம், தகுதியானவர்கள் எத்தனையோ பேர் இருக்கிறார்கள் என்று மறுக்க வேண்டும். முன்மொழிந்தவர் இரண்டாவது தரம் கேட்பார். அப்போது தலையாட்ட வேண்டும். உடனே கைதட்டல். இந்த மரியாதை எப்படி வந்தது என்று யாருக்கும் தெரியாது. முதல் தரமே சரி என்று சொல்லிவிட்ட பழைய தலைவர் ஒருவர் உண்டு. அவருக்குப் ‘பசிக்காரர்’ என்று பெயர் வைத்து, ஓய்வு பெற்ற பிறகும் அப்படியேதான் கூப்பிடுகிறார்கள்.

மச்சான் ஃபிரிட்ஜ் பக்கத்தில் நின்றுகொண்டு “வேண்டாம்” என்றான். கொட்டேஷனைத் திருப்பி அனுப்புகிற மாதிரி இருக்கிறது, கொஞ்சம் இழுத்துச் சொல் என்றேன். இழுத்தான். ஊசி போட வந்த பிள்ளை மாதிரி இருக்கிறது என்றாள் என் மனைவி. மூன்று பேரும் சிரித்துச் சிரித்து வயிறு வலித்தது. கடைசியில் நன்றாகவே வந்துவிட்டது. நானும் இரண்டாவது தரம் கேட்டுக் கேட்டுப் பழகினேன்.

போகும்போது செருப்பைப் போட்டுக்கொண்டே சொன்னான். தலைவரானால் முதல் வேலையாக, வருஷாவருஷம் கொடுக்கிற சிறந்த கட்டடப் பரிசில் கட்டியவன் பெயரையும் வாசிக்க வைக்க வேண்டுமாம். “நான் கட்டின உன் நூலகத்துக்குப் பரிசு குடுத்தாங்கல்ல, நான் கடைசி வரிசைல உக்காந்து கை தட்டினேன். உன்மேல கோவமில்ல மாப்ளே. ஆனா வீட்டுக்குப் போனதும் அம்மா கேட்டாங்க, உன் பேர எப்ப சொன்னாங்கன்னு.”

அம்மா இப்போது இல்லை. இத்தனை காலம் இதை அவன் என்னிடம் சொன்னதும் இல்லை.

பிப்ரவரி 15

ஸ்கேல் போன் செய்தார். மூத்த வடிவமைப்பாளர், சட்டைப் பையில் எப்போதும் ஒரு ஸ்கேல் இருக்கும், அதனால் அந்தப் பெயர். ஜூலையில் வெளிநாட்டுச் சங்கங்கள் கலந்துகொள்ளும் கருத்தரங்கை நாங்கள்தான் நடத்தப் போகிறோம். தலைவர்தான் வரவேற்றுப் பேச வேண்டும். “உங்க மச்சான் மைக்கப் புடிச்சா சைட்ல சத்தம் போடுற மாதிரியே போடுவாரே. வர்றவங்களுக்கு ஹெல்மெட் குடுத்து உக்கார வைக்கணும்” என்றார். கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. அவர் எல்லோரையும் பற்றி இப்படித்தான் பேசுவார்.

சிரித்தேன். எதற்குச் சிரித்தேன்?

பிப்ரவரி 24

நடந்ததை நடந்தபடி எழுதிவிடுகிறேன்.

கூட்டம் நல்ல கூட்டம். பின்வரிசைகளில் காண்ட்ராக்டர்கள் ஒருவர் விடாமல் வந்திருந்தார்கள், எல்லோரும் இஸ்திரி போட்ட சட்டையில். பதவி முடிகிற தலைவர் ஒரு பொறியாளர் அம்மா, நேரத்தில் கறாரானவர். கணக்கு வழக்கையெல்லாம் மளமளவென்று முடித்துவிட்டு என்னைப் பார்த்தார். மைக்கை வாங்கி மச்சான் பெயரை முன்மொழிந்தேன்.

எழுந்தான். இடுப்பில் டேப் இல்லை. “எனக்கு வேண்டாங்க. என்னவிடத் தகுதியானவங்க எத்தனையோ பேர் இருக்கீங்க” என்றான். இழுக்க வேண்டிய இடத்தில் இழுத்து, சொல்லிக் கொடுத்ததைவிட நன்றாகச் சொன்னான். சொல்லிவிட்டு என்னைப் பார்த்தான்.

மைக் என் கையில்தான் இருந்தது.

அந்த நேரத்தில் எனக்கு ஜூலை மாதம் கண்ணில் வந்தது. மேடை, வெளிநாட்டு விருந்தினர்கள், கழுத்தில் அடையாள அட்டை, இவன் மைக்கைப் பிடித்துக்கொண்டு பேசுகிறான். எனக்குக் கூசியது. அப்புறம், அவன் வேண்டாம் என்று சொல்லிவிட்டானே என்று ஒரு நிம்மதி. ஆமாம், நிம்மதிதான். ஒரு மூச்சு இழுத்து விடுகிற நேரம்.

அதற்குள் நடு வரிசையிலிருந்து யாரோ, அப்படியானால் ஸ்கேல் சாரையே போடலாமே என்றார்கள். பொறியாளர் அம்மா, “அவர் வேண்டாங்கிறார். சரி, நீங்க சொல்லுங்க சார்” என்று அந்தப் பக்கம் திரும்பிவிட்டார். ஸ்கேல் வேண்டாம் என்றார். முன்மொழிந்தவர் இரண்டாவது தரம் கேட்டார். தலையாட்டினார். கைதட்டல். எல்லாம் முறைப்படி.

பின்வரிசையில் ஒருவரும் வாய் திறக்கவில்லை. இரண்டாவது தரம் கேட்க வேண்டியது முன்மொழிந்தவன். அதுவும் மச்சானுடைய சொந்த மாப்பிள்ளை, நான். அவர்கள் எப்படிக் குறுக்கே வருவார்கள்? அத்தனை பேரும் என்னைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்கள். மச்சான் இன்னும் நின்றுகொண்டிருந்தான். பிறகு உட்கார்ந்து அவனும் கை தட்டினான்.

நடவடிக்கைக் குறிப்பில் ‘முன்மொழியப்பட்டவர் மறுத்துவிட்டதால்’ என்று என் கையாலேயே எழுதினேன். எழுத்து அழகாக வந்திருக்கிறது. வேறென்ன சொல்ல.

பிப்ரவரி 25

மச்சான் போனை எடுக்கவில்லை.

பிப்ரவரி 26

மனைவியிடம் நேற்றே சொல்லியிருக்க வேண்டும். இன்று அவளுடைய அண்ணி சொல்லித் தெரிந்துகொண்டாள். சமையலறையிலிருந்து வந்து என் எதிரே உட்கார்ந்து, “ரெண்டாவது தரம் நீங்க கேக்கவே இல்லையா?” என்றாள். எல்லாம் சட்டென்று நடந்துவிட்டது, கையும் ஓடவில்லை காலும் ஓடவில்லை என்றேன். அவள் ஃபிரிட்ஜைத் திரும்பிப் பார்த்தாள். “இங்க நின்னுதானே அத்தன தரம் கேட்டீங்க” என்றாள். அதற்குமேல் என்னிடம் சண்டை போடவில்லை. போட்டிருந்தால் நானும் இரண்டு வார்த்தை கத்தி ஆறியிருப்பேன்.

சாயங்காலம் ஸ்கேலைப் பார்க்கப் போனேன். நடந்த தவறைச் சொன்னதும் மனிதர் ஒரு நிமிஷம்கூட யோசிக்கவில்லை. மச்சான் வந்து ஒரு வார்த்தை கேட்கட்டும், நாளைக்கே விலகிக்கொள்கிறேன் என்றார். மனசாரத்தான் சொன்னார். இவரை வில்லனாக்கி நான் நல்லவனாகலாம் என்று போனேன், அதற்கும் வழியில்லை.

மார்ச் 1

மச்சானைத் தேடி சைட்டுக்கே போனேன். மருத்துவமனைக் கட்டடம், இரண்டாவது மாடி. நாளைக்குத் தளம் போடுகிறார்கள். கம்பி கட்டி முடித்து, பலகைகளைத் தட்டித் தட்டிப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். என்னைப் பார்த்ததும், “பாத்து வா மாப்ளே, கம்பி குத்தும்” என்றான். அந்த ஒரு சொல்லில் எனக்குப் பாதி உயிர் வந்தது.

ஸ்கேல் சொன்னதைச் சொன்னேன். நீ ஒரு வார்த்தை கேட்டால் போதும் என்றேன். கேட்டு வாங்குவதாக இருந்தால் அன்றைக்கே சரி என்று சொல்லிப் பசிக்காரர் என்று பெயர் வாங்கியிருக்க மாட்டேனா என்று சிரித்தான். சிரிப்பு கண்ணுக்குப் போகவில்லை.   குனிந்து ஒரு கட்டுக்கம்பியை விரலால் இழுத்துப் பார்த்தான். குனிந்தபடியே சொன்னான்.

“மாப்ளே, மறந்துட்டேன்னு சொல்லு. நான் நம்பிக்கிறேன்.”

அதைச் சொல்லியிருக்கலாம். சொல்லியிருந்தால் அவன் தோளில் ஒரு தட்டுத் தட்டியிருப்பான், கீழே போய் டீ குடித்திருப்போம். ஆனால் எனக்கு என்ன தோன்றியது என்றால், இத்தனை வருஷத்துச் சிநேகிதனிடம் பொய் சொல்லக் கூடாது. பெரிய அரிச்சந்திரன்!

“மறக்கல மச்சான். உன்ன அந்த மேடைல நெனச்சுப் பாத்தேன். எனக்கு ஒரு மாதிரி கூச்சமா இருந்துச்சு. அதான் வாய் வரல.”

நிமிர்ந்தான். கோபப்படுவான், திட்டுவான் என்று காத்திருந்தேன். தலையை மட்டும் ஆட்டினான், ஏதோ ஒரு அளவைக் கேட்டுக்கொண்ட மாதிரி. அந்தப் பக்கம் இருந்தவரிடம் ஒரு பலகை அசைகிறது, முட்டுக் கொடுங்கள் என்றான். பிறகு என்னிடம்:

“வெயில் ஏறுது. நீங்க கெளம்புங்க.”

நீங்க என்றான். எனக்குப் பின்னால் யாராவது நிற்கிறார்களா என்று திரும்பிப் பார்த்தேன்.

மார்ச் 2

உண்மையைச் சொன்னது தப்பா என்று மனைவியிடம் கேட்டேன். துணி மடித்துக்கொண்டிருந்தாள். “அண்ணன் உங்ககிட்ட உண்மையா கேட்டான்? மறந்துட்டேன்னு ஒரு வார்த்தை கேட்டான். அதக் குடுக்க முடியல உங்களுக்கு.”

  மனதில் இருந்த பாரத்தை அவன் தலையில் இறக்கி வைத்துவிட்டு வந்திருக்கிறேன். எனக்கு லேசாகக்கூட ஆகவில்லை. பிறகு எதற்கு இறக்கினேன்?

மார்ச் 19

மழை. போன் ஒரு தரம் அடித்தது. ஓடிப்போய் எடுத்தேன். பெயிண்ட் கம்பெனி.

ஏப்ரல் 11

கீழே கடை, மேலே வீடு என்று நான் வரைந்த ஒரு கட்டட வேலையை மச்சான்தான் செய்கிறான். நடுவில் விட்டுவிட்டுப் போகிற ஆளில்லை அவன். இன்று அவன் சூப்பர்வைசரிடமிருந்து மின்னஞ்சல் வந்தது. ‘முதல் மாடிப் படிக்கட்டின் மேலுள்ள உத்தரம் ஏறுபவர் தலையில் இடிக்கக்கூடும் எனத் தோன்றுகிறது. அருள்கூர்ந்து தெளிவுபடுத்தவும்.’

படத்தைப் பிரித்துப் பார்த்தேன். இடிக்கத்தான் செய்யும். முழுக்க என் தப்பு.

முன்பென்றால் பல் விளக்குகிற நேரத்தில் போன் வரும். ஹலோகூட இருக்காது. இந்தப் படிக்கட்டில் யார் ஏறுவதற்குப் போட்டிருக்கிறாய், கோழியா என்பான். நானும் விடமாட்டேன், உன்னை மாதிரி நெட்டைக் கொக்குக்கெல்லாம் படிக்கட்டு போட முடியாது என்பேன். இப்படிக் கத்தி முடிக்கும்போது படம் திருந்தியிருக்கும். இன்று திருத்திய படத்தை அனுப்பினேன். ‘பெற்றுக்கொண்டோம், நன்றி’ என்று பதில் வந்தது. அருள்கூர்ந்தாம்! அந்தச் சொல்லைப் பார்த்து அழுகை வரும் என்று யாராவது சொல்லியிருந்தால் நம்பியிருக்க மாட்டேன்.

ஏப்ரல் 26

மச்சான் வீட்டுக்குப் போய்விட்டு வந்தோம். “வாங்க, உக்காருங்க” என்றான். ஏசியைப் போட்டான். என் முதுகுக்கு ஒரு தலையணை எடுத்துக் கொடுத்தான். வேலையெல்லாம் எப்படிப் போகிறது என்று விசாரித்தான். ஒரு குறை சொல்ல முடியாது.

வரும்போது மனைவி காரில் ஜன்னல் பக்கம் திரும்பியே உட்கார்ந்திருந்தாள்.

மே 14

செயற்குழு. சிறந்த கட்டடப் பரிசில் இனிமேல் கட்டியவர் பெயரையும் வாசித்து மேடைக்கு அழைக்க வேண்டும் என்று தீர்மானம் கொண்டுவந்தேன். எதிர்ப்பு வரும், வாதாடலாம் என்று ராத்திரியெல்லாம் மனதுக்குள் பேசிப் பார்த்து வைத்திருந்தேன். ஸ்கேல், நல்ல யோசனை, முன்னமே செய்திருக்கலாமே என்றார். பொறியாளர் அம்மா வழிமொழிந்தார். டீ ஆறுவதற்குள் நிறைவேறிவிட்டது.

இவ்வளவுதானா? என்றைக்கு வேண்டுமானாலும் நான் கேட்டிருக்கலாம். என் நூலகத்துக்குப் பரிசு வாங்கிய அன்றைக்கே மைக்கில் அவன் பெயரைச் சொல்லியிருக்கலாம். யார் தடுத்தார்கள்? கடைசி வரிசையில் அவன் இருந்ததை மேடையிலிருந்து பார்த்தேனா என்றுகூட இப்போது நினைவில்லை.

மச்சானுக்குத் தகவல் அனுப்பினேன். ‘மகிழ்ச்சி. நன்றி’ என்று வந்தது.

ஜூலை 9

கருத்தரங்கு. ஸ்கேல் வரவேற்றுப் பேசினார். எழுதி வைத்துக்கொண்டு, நிறுத்தி நிதானமாக, ஒரு பிழை இல்லாமல், ரொம்ப நேரம் பேசினார். முன்வரிசையில் வெளிநாட்டு விருந்தினர் ஒருவர் வாய் திறந்து தூங்கிவிட்டார். குறட்டை மேடை வரைக்கும் கேட்டது. பக்கத்திலிருந்தவர் இடித்து எழுப்பினார்.

ஹெல்மெட் யாருக்கும் தேவைப்படவில்லை. வீட்டுக்கு வந்து மனைவியிடம் சிரிப்பாகச் சொல்லப் பார்த்தேன். பாதியில் நிறுத்திவிட்டேன்.

செப்டம்பர் 20

பரிசளிப்பு. இந்த வருஷம் பரிசு ஒரு பள்ளிக்கூடத்துக்கு. வடிவமைத்தவள் ஒரு சின்னப் பெண். தொழிலுக்கு வந்து கொஞ்ச நாள்தான் ஆகிறது. கட்டியவன் மச்சான். மார்ச்சில் தொடங்கிப் பள்ளி திறப்பதற்குள் கட்டி முடித்திருக்கிறான், இப்படி ஒரு வேலை நடந்ததே எனக்குத் தெரியாது. முன்பு அவன் எங்கே ஒரு குழி தோண்டினாலும் எனக்குத் தெரியும்.

கட்டியவர் பெயர் என்று வாசித்தார்கள். பின்வரிசைகள் மொத்தமும் எழுந்து நின்று கை தட்டியது. தட்டி ஓயவில்லை. மனைவி பக்கத்தில் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அவன் மேடையேறி, இரண்டு வார்த்தை பேசச் சொன்னதும் மைக்கைப் பிடித்தான். நான் தலையைக் குனிந்துகொண்டேன். கம்பி கட்டியவர்களையும் தச்சர்களையும் பெயர் சொல்லி நன்றி சொன்னான். அந்தப் பெண் ஜன்னல் வைத்த இடத்தில் காலை வெளிச்சம் பிள்ளைகளின் முதுகுப் பக்கமாக வருகிறது, கண்ணில் அடிக்கவில்லை, அது தனக்குக் கட்டும்போது புரியவில்லை, பிள்ளைகள் உட்கார்ந்த பிறகுதான் புரிந்தது என்றான். அவ்வளவுதான். குரல் அவ்வளவு மெதுவாக இருந்தது. கடைசி வரிசையில் இருந்தவர்கள் முன்னால் குனிந்து கேட்டார்கள். சத்தம் போடுகிறவன் என்று நாங்கள் சொல்லிக்கொண்டிருந்தோமே, சைட்டில் கலவை இயந்திரம் ஓடும்போது யார்தான் மெதுவாகப் பேச முடியும்? இதை யோசிக்க எனக்கு இத்தனை மாதம் ஆகியிருக்கிறது.

முடிந்ததும் எல்லோருக்கும் டீ. கூட்டத்தை விலக்கிக்கொண்டு மச்சான் எங்களிடம் வந்தான். கூடவே பள்ளிக்கூடத்தின் தாளாளர், பெரியவர், வாயெல்லாம் சிரிப்பாக. மச்சான் தங்கையின் தோளில் கை வைத்து, “இது என் தங்கச்சி” என்றான். பிறகு என் பக்கம் கையைக் காட்டினான்.

“சார் எங்க சங்கத்துச் செயலாளர். கட்டுனவங்க பேர வாசிக்கணும்னு கொண்டு வந்ததே சார்தான்.”

குத்தல் எதுவும் இல்லை குரலில். இருந்திருந்தால் எவ்வளவோ நன்றாக இருந்திருக்கும்.

தாளாளர் என் கையைப் பிடித்துக் குலுக்கி, பெரிய காரியம் செய்தீர்கள் என்றார். விடாமல் குலுக்கினார். பிறகு பேச்சை வளர்க்க வேண்டுமே என்று அன்பாகக் கேட்டார். “சார் மட்டும்தான் வந்தீங்களா? குடும்பத்தக் கூட்டிட்டு வரலையா?”

மனைவி என்னைப் பார்த்தாள். மச்சான் கையிலிருந்த டீயைப் பார்த்தான். காது மடல் சிவந்துவிட்டது அவனுக்கு.

“வந்திருக்காங்க” என்றேன். “இங்கதான் எங்கயோ இருப்பாங்க.”

தாளாளர் மரியாதைக்குக் கூட்டத்தை ஒரு சுற்றுப் பார்த்தார். அவரோடு சேர்ந்து நானும் பார்த்தேன்.